எல்லா வீட்டிலும் அம்மா

கைலாசபுரத்தில் அடுத்தவர் வீட்டுக்குள் தெரியாமல் நுழைந்துவிடுவது ஒரு குற்றமே இல்லை. எழுபதுகளின் தொடக்கத்தில் நாங்கள் அங்கே குடிபோனபோது பக்கத்து வீட்டு மாமி எங்களுக்கு முதலில் சொன்ன விஷயமே அதுதான். எல்லாம் அப்பா இன்ஜினியராக இருந்த தொழிற்சாலை ஒரே வரைபடத்தில் கட்டிய குவார்ட்டர்ஸ். ஒரே மஞ்சள் சுவர், ஒரே பச்சை ஜன்னல், வராந்தாவில் ஓட்டை ஓட்டையாக வார்த்த ஒரே சிமெண்ட் ஜாலி, சமையலறையில் இடது கைப்பக்கம் ஒரே மேடை. ஒரு தெருவும் அடுத்த தெருவும் கார்பன் வைத்து எடுத்த மாதிரி இருக்கும். முதல் ஷிஃப்ட் முடிந்து சைக்கிளில் வருகிறவர் அசதியில் ஒரு தெரு முன்னாலேயே திரும்பிவிட்டால் தீர்ந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு நேரே உள்ளே போய், "காப்பி கொண்டா" என்று சொன்ன பிறகுதான் எதிரே நிற்பது தன் மனைவி இல்லை என்று பார்ப்பார். அந்த வீட்டம்மாவும் சிரித்துக்கொண்டே ஒரு வாய் காப்பி கொடுத்து அனுப்புவார். அப்பாவே ஒரு தடவை ஒரு மலையாளி வீட்டில் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுப் பனியனோடு திரும்பி வந்தவர்தான். சட்டை மறுநாள் இஸ்திரி போட்டு வந்தது.

எனக்கு அந்த இடம் பார்த்த உடனே பிடித்துப்போனது. மேலப்புதூரில், மாதா கோயிலுக்குப் பின்னால் ஓர் ஒட்டுக்குடித்தனத்தில் பிறந்து வளர்ந்தவள் நான். அங்கே சுவர் எதுவும் சுவர் மாதிரி நிற்காது. கதவைச் சாத்தினால் ஒரு மூலை திறந்துகொள்ளும். யார் வீட்டுக் குழம்பு வாசனை யார் வீட்டில் அடிக்கிறது என்று தெரியாது. அதிலிருந்து கைலாசபுரத்துக்கு வந்து, தட்டையான கூரைகள் வரிசையாகத் தொலைதூரம் போய் ஒரு புள்ளியில் முடிவதைப் பார்த்தபோது எனக்கு மூச்சு நன்றாக வந்தது. நேர்கோட்டைக் கண்டால் உருகுகிற ஜென்மம். பிற்பாடு வெளியூர் போய் காமிரா படித்ததும் அந்தப் பைத்தியத்தால்தான். கதைப்படம் எடுக்க எனக்கு ஆசை இருந்ததில்லை. கட்டிடங்களை எடுப்பேன், அதற்குள் ஆட்கள் வெங்காயம் நறுக்குவதை, துணி உலர்த்துவதை, சும்மா உட்கார்ந்திருப்பதை எடுப்பேன். "இதுக்கு ஏம்மா இவ்வளவு தூரம் போய்ப் படிச்சே? நம்ம மொட்டை மாடியில நின்னா எல்லாம் தெரியுமே" என்பார் அப்பா.

எண்பதுகளின் நடுவில் அப்பாவுக்கு ஓய்வு நெருங்கியது. ஓய்வு பெற்றால் வீட்டைக் காலி செய்துவிட வேண்டும். அதற்குள் கைலாசபுரத்தைப் பற்றி ஒரு படம் எடுத்துவிடுவது என்று, நண்பர்களிடம் கெஞ்சி ஒரு பதினாறு எம்.எம். காமிராவை வாங்கிக்கொண்டு வந்து சேர்ந்தேன். அது கடிகாரம் மாதிரி சாவி கொடுத்து ஓடவிடுகிற காமிரா. ஒரு தரம் சாவி கொடுத்தால் அரை நிமிஷத்துக்குள் தீர்ந்துவிடும். ஒலியும் பதியாது. நடப்பது எதுவானாலும் அந்த அரை நிமிஷத்துக்குள் சத்தமில்லாமல் நடந்து முடிந்தாக வேண்டும்.

மதியம் மூன்று மணிக்கு எடுப்பது என்று வைத்துக்கொண்டேன். அந்த நேரத்தில் தெருவில் ஒரு ஈ காக்காய் இருக்காது. வெயில் சாய்ந்து, எல்லா வராந்தாக்களிலும் ஜாலியின் நிழல் ஒரே நேரத்தில் ஒரே இடத்தில் விழும். ஏதோ ஒரு வீட்டில் குக்கர் விசில் அடிக்கும், எந்த வீடு என்று சொல்ல முடியாது. பார்த்துக்கொண்டே நின்றால் இத்தனை வீடும் வீடுதானா, இல்லை ஒரே வீட்டின் நிழலா என்று தோன்றிவிடும். எனக்கு அந்தப் பயம் பிடித்திருந்தது. அதைத்தான் படமாக்க நினைத்தேன்.

காமிராவின் சட்டத்துக்குள் ஓர் ஆள் வேண்டும். வேறு யார், அம்மாதான். அம்மா கல்யாணத்துக்கு முன்னும் பின்னும் கொஞ்ச காலம் தொடக்கப் பள்ளியில் டீச்சராக இருந்தவள். சொன்னதைச் சொன்னபடி செய்வாள். தெருக்கோடியில் காமிராவை நிறுத்திக்கொண்டு, "வேப்ப மரத்துல இருந்து நடந்து நம்ம வீட்டுக்குள்ள போம்மா" என்றேன். அம்மா நடந்தாள், செருப்பைக் கழற்றினாள், உள்ளே போனாள். போனது எங்கள் வீடு இல்லை. இரண்டு வீடு தள்ளி.

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அப்பாவிடம் சொன்னேன், அவரும் சிரித்தார். அந்த வீட்டுக்காரியும் சிரித்துக்கொண்டே அம்மாவைக் கொண்டுவந்து விட்டாள். அந்தச் சிரிப்பிலேயே எனக்குப் படமும் கிடைத்துவிட்டது. ஒரே பெண், பல வீடு. அக்கம்பக்கத்தில் கேட்டு அனுமதி வாங்கிக்கொண்டு, தெருத் தெருவாக அம்மாவை நடக்கவிட்டேன். ஒவ்வொரு தெருவிலும் காமிரா, வாசல் வழியாகக் கூடமும் சமையலறையும் தெரிகிற மாதிரி, அதே கோணத்தில் நிற்கும். அம்மா அதே மாதிரி வந்து ஒரு வீட்டுக்குள் போவாள். அம்மாவுக்கு இந்த விளையாட்டு பிடித்துத்தான் இருந்தது. கடைசியாக ஒரு நாள் எங்கள் வீட்டு வாசலையே எடுத்தேன். அன்றைக்கு அம்மா வாசலில் போய் நின்றுகொண்டு உள்ளே போகாமல் இழுத்தடித்தாள். சாவி தீரப்போகிற அவசரத்தில் எனக்கு எரிச்சலாக வந்தது. தூரத்திலிருந்து கையை ஆட்டினேன். சாவி தீர்ந்தது.

ஃபிலிம் மெட்ராஸில் கழுவி வந்தது. ஓர் இருட்டு அறையில் எடிட்டிங் மேஜையில் உட்கார்ந்து தனியாக ஓட்டிப் பார்த்தேன். கறுப்பு வெள்ளையில் வீடுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. ரொம்ப அழகாக இருந்தது. எனக்கு நானே தட்டிக்கொடுத்துக்கொண்டு இரண்டாம் தரம் ஓட்டியபோதுதான் அம்மாவின் காலைக் கவனித்தேன்.

இன்னொருவர் வீட்டுக்குள் போகிறவர்கள் வாசலில் ஒரு கணம் நிற்பார்கள். எவ்வளவு பழகிய வீடாக இருந்தாலும் சரி, அனுமதி வாங்கிக்கொண்டு போனாலும் சரி. கால் கொஞ்சம் பின்வாங்கும், கழுத்து உள்ளே எட்டிப் பார்க்கும், வாய் எதையாவது சொல்லும். எத்தனையோ பேரை எடுத்திருக்கிறேன், எல்லாரும் அப்படித்தான். அம்மா நிற்கவில்லை. முன்பின் தெரியாதவர்கள் வீட்டில், ஒரு வீட்டில்கூட நிற்கவில்லை. கூடத்தில் ஆள் உட்கார்ந்திருந்தாலும் திரும்பிப் பார்க்கவில்லை. முந்தானையை இடுப்பில் செருகியபடி, அடுப்பில் பால் வைத்துவிட்டு வந்தவள் மாதிரி நேரே சமையலறைக்குப் போனாள். தெருத் தெருவாக, வீடு வீடாக அப்படியே போனாள்.

அதன்பிறகு எங்கள் வீடு வந்தது. அங்கே அம்மா நின்றாள். கால் பின்வாங்கியது. கழுத்து எட்டிப் பார்த்தது. கதவு நிலையில் கையை ஊன்றிக்கொண்டு உள்ளே பார்த்து எதையோ கேட்டாள். உதடு அசைந்தது தெரிந்தது, சொன்னது தெரியவில்லை. அந்தத் துண்டைத் திரும்பத் திரும்ப ஓட்டினேன். அறையில் என்னைத் தவிர யாரும் இல்லை என்பது நினைவுக்கு வந்து எழுந்து போய் விளக்கைப் போட்டேன். எனக்கு அப்படி ஒரு பயம் அதற்கு முன்னால் வந்ததில்லை.

ஊருக்கு வந்ததும் மாமியிடம் போனேன். எங்கள் வீட்டுக்கு ஒட்டின வீடு அவர்களுடையது. ஸ்ரீரங்கத்துக்காரர்கள். அன்றைக்குப் படம் எடுத்தபோது மாமி தன் வராந்தாவில் நின்று வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார். அம்மா என்ன கேட்டாள் என்று விசாரித்தேன்.

"அதுவா? 'வீட்ல யாரும்மா, உள்ள வரலாமா'ன்னு கேட்டா டீச்சர். நீதான் அப்படிக் கேக்கச் சொல்லியிருப்பேன்னு நெனைச்சேன்."

நான் அப்படிச் சொல்லவில்லை. மாமி என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கையில் இருந்த கரண்டியைக் கீழே வைத்தார். பிறகு மெதுவாக ஆரம்பித்தார். "உன்னண்ட சொல்லலாமா வேண்டாமான்னு தவிச்சிண்டிருந்தேன். டீச்சர் அடிக்கடி நம்மாத்துக்கு வந்துடறா. வந்தா நேரே அடுக்களைக்குப் போய் கீரை ஆய உக்காந்துடறா. முந்தாநாள் பெருமாள் படத்துக்கு முன்னாடி நின்னுண்டு சிலுவை போட்டுண்டா. அதனால எனக்கு ஒண்ணும் இல்லைடி. பெருமாளும் தப்பா நெனைச்சுக்க மாட்டார். ஆனா அது உங்காத்துச் சாமின்னு நெனைச்சுண்டுன்னா பண்ணினா?"

எங்கள் வீட்டில் அதே இடத்தில், அதே உயரத்தில் இருதய ஆண்டவர் படம் சிவப்பு பல்போடு மாட்டியிருந்தது.

அப்பாவிடம் சொன்னபோது அவருக்குக் கோபம் வந்தது. "இந்த டவுன்ஷிப்புல யாருக்குத்தான் வீடு மாறல? நான் போகலையா? நீ படம் எடுக்கறேன்னு அவளைக் கண்ட வீட்டுலயும் நுழைய விட்டுட்டு, இப்ப அவளுக்கு ஏதோ வியாதிங்கறே." கோபம் அல்ல அது, நடுக்கம் என்று எனக்குத் தெரிந்தது. எல்லாரும் செய்கிற தப்பையே அவளும் செய்தாள். அதனால்தான் எப்போது அது தப்பாக இல்லாமல் வேறொன்றாக மாறியது என்று எங்களில் ஒருவருக்கும் தெரியவில்லை. புத்தூரில் ஒரு டாக்டரிடம் காட்டினோம். வயதானால் மறதி வரும், சிலருக்குக் கொஞ்சம் முன்னாலேயே வரும் என்று சொல்லி ஒரு சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார். இன்று வீடு தெரியாதவளுக்கு நாளை நாங்கள் தெரிவோமா என்று நான் கேட்டேன். டாக்டர் மேஜை மேல் இருந்த பேனாவை எடுத்து மூடி வைத்தார்.

அதிலிருந்து எனக்கும் அப்பாவுக்கும் அந்த ஒரே கவலைதான். அம்மா எங்களை விட்டுப் போய்க்கொண்டிருக்கிறாள், எதைப் பிடித்து நிறுத்துவது? அப்பா இன்ஜினியர் ஆயிற்றே, அவர் புத்தி போன வழியே வேறு. எங்கள் ஊரிலேயே இன்னொரு மூலையில், கே.கே. நகரில் அவர் வாங்கிப் போட்டிருந்த மனையில் வீடு கட்ட ஆரம்பித்தார். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் பூசை முடிந்து வந்ததும் டேப்பை எடுத்துக்கொண்டு எங்கள் குவார்ட்டர்ஸை அளந்தார். கூடத்தின் அகலம், ஜன்னலின் உயரம், சுவிட்ச் எந்த இடத்தில், சமையல் மேடை எந்தக் கைப்பக்கம் என்று ஒன்று விடவில்லை. அந்த ஜாலி கடையில் கிடைக்கவில்லை என்று அச்சு செய்து வார்க்கச் சொன்னார்.

கொத்தனாருக்கு மனசு கேட்கவில்லை. "சார், சொந்த வீடு கட்டறீங்க. கொஞ்சம் ஆசையாக் கட்டுங்களேன். முன்னாடி ஒரு வளைவு கிளைவு வச்சு?"

"இதாம்பா ஆசை" என்றார் அப்பா.

அவர் ஓய்வு பெற்றதும் அங்கே குடிபோனோம். உள்ளே காலை வைத்தேன். எங்கள் வீடு எங்கள் வீட்டிலிருந்து எழுந்து நடந்துவந்து இங்கே உட்கார்ந்திருந்தது. மூன்று மணிக்கு ஜாலியின் நிழல்கூட விழ வேண்டிய இடத்தில் விழுந்தது. ஆனால் ஜன்னலுக்கு வெளியே எதிர் வரிசை வீடுகள் இல்லை. வெறும் மனைகளும் சீமைக்கருவேலமும்தான். அம்மா இருட்டிய பிறகு கூடத்துக்கு வந்து, சுவரைப் பார்க்காமலே கையை நீட்டி சுவிட்சைப் போட்டாள். விளக்கு எரிந்தது. அப்பா என்னைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படியொரு சந்தோஷத்தை நான் அதற்கு முன்பும் பார்க்கவில்லை, பின்பும் பார்க்கவில்லை.

அது சில வாரம்கூட நிற்கவில்லை. அம்மா மதியங்களில் வெளியே போய் ரோட்டில் நிற்க ஆரம்பித்தாள். வலது பக்கம் பார்ப்பாள், இடது பக்கம் பார்ப்பாள். என்னம்மா தேடறே என்றால், "மத்த வீடெல்லாம் எங்கே?" என்பாள்.

"இங்கே நம்ம வீடு மட்டும்தாம்மா இப்படி."

"அது எப்படி? எல்லாம் ஒண்ணா இருந்தாத்தானே நடுவுல நம்ம வீடு இருக்கும்? இது ஒண்ணு மட்டும் தனியா நிக்குது. இது யாரோ நம்ம வீடு மாதிரி கட்டி வச்சிருக்காங்க."

நான் அப்பா பக்கம் திரும்பவில்லை. திரும்ப எனக்குத் தைரியம் இல்லை. அம்மா சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை, அதுதான் கொடுமை. யாரோ எங்கள் வீடு மாதிரிதான் கட்டி வைத்திருந்தார்கள்.

மாமி குடும்பமும் அதற்குள் ஓய்வு பெற்று ஸ்ரீரங்கத்துக்கே போய்விட்டிருந்தது. ஒரு நாள் அம்மாவை அழைத்துக்கொண்டு ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் போனேன். தெற்கு ராஜகோபுரத்துக்கு மேல் நிலைகள் எழும்பிக்கொண்டிருந்த சமயம் அது. சாரத்தின் மேல் ஆட்கள் எறும்பாக ஊர்ந்துகொண்டிருந்தார்கள். மாமியின் வீடு உத்தர வீதியில், வாசலில் நின்றால் கொல்லைக்கதவு ஒரு வெளிச்சப் பொட்டாகத் தெரிகிற நீள வீடு. எதுவும் எதற்கும் நேராக இல்லை. எனக்குப் பிடிக்காத வகை. அம்மா அந்த வீட்டு வாசலில் நின்றாள். உள்ளே எட்டிப் பார்த்து, "மாமி இருக்காங்களா?" என்று கேட்டாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. அது அவளுடைய வீடு இல்லை என்று அவளுக்கு அவ்வளவு நன்றாகத் தெரிந்திருந்தது.

அன்று முழுக்க அம்மா சரியாக இருந்தாள். மாமியோடு பழைய கதை பேசினாள். என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, "நேரமாச்சு, கிளம்பு. உங்கப்பா வந்துடுவாரு" என்றாள். மாமி வாசல்வரை வந்து, "நன்னாத்தானேடி இருக்கா!" என்று என் காதில் சொன்னார். காவிரிப் பாலத்தில் பஸ் போகும்போது நான் இன்னும் கொஞ்ச காலம் இருக்கிறது, இன்னும் கொஞ்ச காலம் இருக்கிறது என்று எனக்குள் சொல்லிக்கொண்டே வந்தேன். கே.கே. நகரில் இறங்கி, கேட்டைத் திறந்தபோது, "இங்க யாரு வீட்டுக்கு வந்திருக்கோம்?" என்று கேட்டாள் அம்மா.

கடைசியில் அப்பாதான் அந்தப் பேச்சை எடுத்தார். என் படங்களைப் பார்த்தால் கொட்டாவி விடுகிறவர். "அந்த ஃபிலிமைப் போட்டுக் காட்டேம்மா. பழைய தெருவைப் பார்த்தா ஒருவேளை ஞாபகம் வரும்." என்னால் மறுக்க முடியவில்லை. நான் மட்டும் என்ன, எனக்கும் அந்த நப்பாசை இருந்தது. எங்கள் சர்ச்சில் பங்குச் சாமியாரிடம் ஞானோபதேச வகுப்புப் பிள்ளைகளுக்குப் படம் காட்டுகிற புரொஜெக்டர் ஒன்று இருந்தது. அதைக் கேட்டு வாங்கி வந்தேன். பொழுது சாய்ந்ததும் ஜன்னலைச் சாத்தி, கூடத்துச் சுவரில் வெள்ளை வேட்டி ஒன்றைக் கட்டினோம். அப்பாவும் அம்மாவும் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள்.

மெஷின் கடகடவென்று ஓடியது. தெரு வந்தது. அம்மா முன்னால் சாய்ந்து உட்கார்ந்தாள். "நம்ம தெரு" என்றாள். அப்பா சட்டென்று அவள் தோளைப் பிடித்தார். "ஆமாம்மா, நம்ம தெருதான். பாரு, நல்லாப் பாரு." அம்மாவின் முகம் அந்த வெளிச்சத்தில் பளிச்சென்று இருந்தது. வேப்ப மரத்தடியிலிருந்து ஒரு பெண் நடந்து வந்தாள், செருப்பைக் கழற்றினாள், உள்ளே போனாள். அடுத்த தெரு. அதே பெண் வந்தாள், உள்ளே போனாள். இன்னொரு தெரு.

"யாரு இந்தம்மா?" என்றாள் அம்மா.

"நீதாம்மா அது" என்றார் அப்பா.

அம்மா அதைக் காதில் வாங்கவில்லை. வேட்டியில் நடக்கிறவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் ஒவ்வொரு வீட்டுக்குள் நுழையும்போதும் உச்சுக்கொட்டினாள். "பாவம். வீடு தெரியாம சுத்தறாங்க. பாருங்களேன், ஒவ்வொரு வீடா நுழையறாங்க. இவங்களுக்கு யாரும் இல்லையா?"

அப்பா அவள் தோளிலிருந்து கையை எடுத்துத் தன் முகத்தை மூடிக்கொண்டார்.

அம்மா என் பக்கம் திரும்பினாள். "நீங்க தெரிஞ்சவங்களா?"

"எங்கம்மா" என்றேன்.

"அப்ப ஏன் இங்க உக்காந்து மெஷினை ஓட்டிட்டு இருக்கீங்க? போய்க் கூட்டிட்டு வாங்க."

நான் எழுந்தேன். மெஷினை நிறுத்தக் கை போகவில்லை. நிறுத்தினால் அவள் இருட்டில் போய்விடுவாள் என்று அந்த நேரத்தில் நிஜமாகவே பட்டது. வேட்டிக்கு முன்னால் போய் நின்றேன். வெளிச்சத்தில் கண் கூசியது. என் புடவையிலும் கையிலும் மஞ்சள் சுவரும் பச்சை ஜன்னலும் கறுப்பு வெள்ளையாக ஊர்ந்தன. என் தோளுக்குப் பக்கத்தில் எங்கள் வீட்டு வாசல் வந்தது, அம்மா அங்கே நின்று உள்ளே பார்த்து எதையோ கேட்டுக்கொண்டிருந்தாள்.

"வாம்மா, வீட்டுக்குப் போகலாம்" என்று சுவரைப் பார்த்துச் சொன்னேன்.

"கையைப் பிடிங்க" என்றாள் அம்மா நாற்காலியிலிருந்து. "கூப்பிட்டா மட்டும் வரமாட்டாங்க. கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வாங்க."